உரிமையாளர்: சிவசைலம்

பீரோவுக்கு டிக் அடித்தாயிற்று. கட்டிலுக்கு அடித்தாயிற்று. கிரைண்டர், மிக்சி, குத்துவிளக்கு இரண்டு, வெண்கலப் பானை ஒன்று, சில்வர் குடம் ஐந்து, தாம்பாளம் மூன்று. ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் பால்வண்ணநாதன் ஒவ்வொன்றாக வாசித்தார். முத்துசெல்வியின் தாய்மாமா செல்லப்பா அதைத் தொட்டுப் பார்த்து "இருக்கு" என்றார்.

கல்யாணத்தன்று இரண்டு வீட்டாரும் உட்கார்ந்து எழுதிக் கையெழுத்துப் போட்ட சீர் லிஸ்ட் அது. பெண் என்னென்ன கொண்டுபோகிறாள் என்று எழுதி ஆளுக்கொரு நகல் வைத்துக்கொள்வார்கள். சேர்ந்து வாழ்ந்தால் அந்தத் தாளை யாரும் தேட மாட்டார்கள். பிரிந்து வந்தால் அதை வைத்துத்தான் சாமானைத் திருப்பி வாங்க வேண்டும். அதனால் குழம்புக் கரண்டியைக்கூட விடாமல் எழுதியிருந்தார்கள். ஐந்து குடங்களில் ஒன்று நசுங்கியிருந்தது. அது வரும்போதே நசுங்கியதா, இங்கே வந்து நசுங்கியதா என்று கால் மணி நேரம் பேசினார்கள்.

குற்றாலத்தில் சாரல் பிடித்து நான்கு நாளாகியிருந்தது. வாசலில் குட்டியானை வண்டி தார்ப்பாயோடு நின்றது. டிரைவர் இரண்டு தடவை எட்டிப் பார்த்துவிட்டுப் போனான்.

"அம்புட்டுதான" என்று பால்வண்ணநாதன் பேனாவை மூடினார். அவர் முத்துசெல்வியின் கணவன் சிவசைலத்தின் பெரியப்பா. அப்பா இல்லாத அந்த வீட்டுக்கு அவர் சொல்தான் சட்டம்.

"என் புஸ்தகம் இருக்கு பெரியப்பா" என்றாள் முத்துசெல்வி. "அறுநூத்தி அறுபத்தொம்பது."

அவர் தாளைத் திருப்பிப் பின்பக்கம் பார்த்தார். பிறகு முன்பக்கத்தை இன்னொரு தடவை மேலிருந்து கீழே பார்த்தார். புத்தகம் என்று ஒரு வரிகூட இல்லை. எப்படி இருக்கும்? லிஸ்ட் எழுதிய அன்று அவள் அம்மா உலகம்மை மெதுவாக, "பிள்ளைக்க புஸ்தகத்தையும் எழுதிருங்க" என்று சொல்லத்தான் செய்தாள். பழைய பேப்பருக்கெல்லாம் லிஸ்டா என்று செல்லப்பா மாமா சிரித்தார். மண்டபத்தில் பாதிப் பேர் சேர்ந்து சிரித்தார்கள். முத்துசெல்வி வாயைத் திறக்கவில்லை. புத்தகத்தைத் தாம்பாளத்துக்கும் கரண்டிக்கும் நடுவில் எழுதுவது அன்றைக்கு அவளுக்கும் கேவலமாகத்தான் பட்டது.

அவள் அச்சன்புதூர்க்காரி. அப்பா மூட்டை தூக்கியவர், அவள் பத்தாவது படிக்கும்போது செத்துப்போனார். அம்மா பீடி சுற்றுகிறாள். தெருவில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். பட்டினி கிடந்து புத்தகம் வாங்கினாள் என்று சொன்னால் சினிமா மாதிரி இருக்கும். அவள் சாப்பிட்டாள். உடுப்புதான் எடுக்கவில்லை. மூன்று வருடம் மூன்று சுடிதார். மீதியெல்லாம் தென்காசிப் பழைய பேப்பர் கடையிலும் திருநெல்வேலிப் புத்தகக் கண்காட்சியிலும் போனது. வீடு ஒரே அறை. பீடி இலை வந்த சாக்கில் பாதியும் அட்டைப்பெட்டியில் பாதியுமாகப் புத்தகங்கள் சுவரோரம் அடுக்கியிருந்தன. அவற்றுக்கும் புகையிலைத் தட்டுக்கும் நடுவில் அவர்கள் இரண்டு பேரும் படுத்துக்கொண்டார்கள்.

இரண்டாம் ஆண்டு படிக்கும்போது போனில் ஒரு செயலி இறக்கி எல்லாவற்றையும் பதிய ஆரம்பித்தாள். நூல், ஆசிரியர், பதிப்பகம், விலை, வாங்கிய இடம், யாருடையது என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பத்தி. கடைசிப் பத்தி எதற்கென்றால், கல்லூரித் தோழிகளின் புத்தகங்கள் நாலைந்து அவளிடமும், அவளுடையவை அவர்களிடமும் எப்போதும் மாறிக் கிடக்கும். கல்யாணத்தின்போது அதில் எழுநூற்றுப் பன்னிரண்டு பதிவுகள் இருந்தன. தோழிகளுடையதைத் திருப்பிக் கொடுத்துவிட்டதால் எல்லாவற்றிலும் "யாருடையது" என்ற இடத்தில் "என்னுடையது" என்று இருந்தது.

சிவசைலம் தனியார் பள்ளியில் கணக்கு வாத்தியார். தென்காசியில் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடும் வாசகர் கூட்டத்தில் பழக்கம். சாதி ஒன்றாக இருந்ததால் தடை வரவில்லை, அவ்வளவுதான். மற்றபடி அவன் வீட்டுக்கும் அவள் வீட்டுக்கும் எட்டாத தூரம். அவன் தாத்தா காலத்திலிருந்தே கண்ணாடிக் கதவு போட்ட மர அலமாரிகள். பைண்ட் பண்ணிய தொகுதிகள். அவன் எல்லாவற்றையும் மடிக்கணினியில் ஒரு நூலக மென்பொருளில் பதிந்து வைத்திருந்தான். ஒவ்வொன்றையும் கையால் தட்டி, ஒன்பது வருட உழைப்பு. அதைத்தான் அவளிடம் முதலில் காட்டினான். அதில்தான் அவளும் விழுந்தாள்.

கல்யாணத்துக்கு ஒரு வாரம் முன்பு அவள் புத்தகங்களையெல்லாம் பக்கத்து வீட்டு மொட்டை மாடியில் பரப்பி வெயில் காட்டினாள். ஒவ்வொன்றாகப் பக்கம் பக்கமாகத் தட்டி, துணியால் துடைத்து, பெட்டிக்குள் கற்பூரம் போட்டாள். புகுந்த வீட்டில் புகையிலை நாற்றம் என்று யாரும் மூக்கைப் பொத்தக் கூடாது. உலகம்மை அதைப் பார்த்துக்கொண்டே பீடி சுற்றினாள். ஒன்றும் சொல்லவில்லை.

மறுவீடெல்லாம் முடிந்து வந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து இரண்டு நூலகத்தையும் ஒன்றாக்கினார்கள். போனிலிருந்து எக்ஸ்போர்ட் பண்ணிய கோப்பை ஒயர் போட்டு மடிக்கணினிக்கு ஏற்றினாள். இம்போர்ட் திரை விரிந்தது. இடது பக்கம் அவளுடைய பத்திகள், வலது பக்கம் அவனுடையவை. நூலுக்கு நூல், ஆசிரியருக்கு ஆசிரியர் என்று அவன் கோடு இழுத்து ஜோடி சேர்த்தான். மூன்று மட்டும் ஜோடியில்லாமல் சிவப்பில் நின்றன: விலை, வாங்கிய இடம், யாருடையது. புதுப் பத்தி உண்டாக்கவா, தவிர்க்கவா என்று மென்பொருள் கேட்டது. அவனும் கேட்டான். "நமக்குள்ள என்ன உன்னோடது என்னோடது, விடு" என்று சொல்லி "தவிர்" என்பதை அவளே அமுக்கினாள். அவனை அமுக்கக்கூட விடவில்லை.

நாற்பத்து மூன்று புத்தகங்கள் இரண்டு பேரிடமும் இருந்தன. ஏற்கெனவே இருப்பதை வைத்துக்கொள் என்றாள். தன் பிரதிகளை மறுவாரமே ஆய்க்குடியில் ஒரு மாற்றுத்திறனாளிகள் இல்லத்துக்குக் கொடுத்துவிட்டாள். அவனுடையவை கெட்டி அட்டை, அவளுடையவை கிழிந்தவை. மீதி அறுநூற்று அறுபத்தொன்பது உள்ளே இறங்கின. செயலியைப் போனிலிருந்து நீக்கினாள். கோப்பையும் அழித்தாள். இனி எதற்கு? அவள் வாழ்ந்த கல்யாண வாழ்க்கையில் அந்தச் சாயங்காலத்தைவிட நெருக்கமான ஒன்று இல்லை. இன்றைக்கு அதை நினைத்தாலே அவளுக்கு எரிச்சல் வரும்.

உரிமையாளர் என்று ஒரு பத்தி, அந்த இம்போர்ட் திரையில் காட்டாமல், உள்ளே உண்டு. அது காலியாக வந்தால், கணக்கு யார் பெயரில் இருக்கிறதோ அந்தப் பெயரை மென்பொருள் தானாகப் போட்டுக்கொள்ளும். அது அவளுக்கு அன்று தெரியாது.

இரண்டு வருடம் கழித்து, தேர்வெழுதித் திருவேங்கடத்தில் அவளுக்கு இளநிலை உதவியாளர் வேலை கிடைத்தது. குற்றாலத்திலிருந்து தினமும் போய் வர முடியாது, அறை எடுத்துத் தங்க வேண்டும். மாமியார் கோமதி வேண்டாமென்றாள். சிவசைலம் யோசிக்கலாம் என்றான். நாலு மாதம் யோசித்துவிட்டு, அம்மா சொல்வதிலும் நியாயம் இருக்கிறது என்றான். வேலையா வீடா என்று ஒரு ஞாயிறு கேட்டான். அவள் திங்கட்கிழமை பஸ் ஏறினாள்.

இப்போது அந்த வீட்டு முன்னறையில்தான் எல்லோரும் உட்கார்ந்திருந்தார்கள். உலகம்மை மட்டும் நாற்காலி வேண்டாமென்று கதவோரம் நின்றாள்.

கல்யாணத்துக்குப் பிறகு வாங்கியதில் ஒன்றுகூட வேண்டாம், தான் கொண்டுவந்ததை மட்டும் கொடுத்தால் போதும் என்று முத்துசெல்வி சொன்னாள். கோமதி உட்கார்ந்த இடத்திலிருந்தே பதில் சொன்னாள்.

"பீடி சுத்துத வீட்டுல ஏது அத்தான் அறுநூறு புஸ்தகம்? நான் சம்பந்தம் பேசப் போன அன்னைக்குச் செவுத்துல ஒரு காலண்டர் தொங்குச்சு. அதும் போன வருசத்துது."

செல்லப்பா மாமா தரையைப் பார்த்தார். சம்பந்தம் பேச வந்த அன்று புத்தகச் சாக்குகளை வெளியே இறக்கி, மேலே சேலையைப் போட்டு மூடியவர் அவர்தான். வீடு குப்பையாகத் தெரியக் கூடாது என்று அவருக்குக் கவலை. அதை அவர் இப்போது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

பால்வண்ணநாதன் சிவசைலத்தைப் பார்த்தார். "என்னலே, நீ சொல்லு."

சிவசைலம் எழுந்து போய் மடிக்கணினியை எடுத்துவந்து டீப்பாயில் வைத்துத் திறந்தான். அவனிடம் கோபமில்லை. கோபமிருந்திருந்தால் முத்துசெல்விக்குச் சுலபமாக இருந்திருக்கும். பள்ளியில் விடைத்தாள் காட்டுகிற மாதிரி திரையைப் பெரியப்பா பக்கம் திருப்பினான்.

"நான் ஒண்ணும் சொல்லல பெரியப்பா. சிஸ்டத்துல என்ன இருக்கோ அதான்."

திரையில் வரிசையாக நூல், ஆசிரியர், உரிமையாளர். உரிமையாளர்: சிவசைலம். உரிமையாளர்: சிவசைலம். பெரியவர் விரலால் தொட்டுத் தள்ளித் தள்ளிப் பார்த்தார். எங்கே போனாலும் சிவசைலம்தான். அவள் பெயர் ஓர் இடத்தில்கூட இல்லை. அவள் எழுந்து பக்கத்தில் போய்ப் பார்த்தாள். தன் கையால் அமுக்கிய "தவிர்" இத்தனை பெரிய தவிர்ப்பா என்று நினைத்தாள்.

ஏற்றும்போது அந்தப் பத்தியை விட்டுவிட்டோம், மென்பொருள் தானாகவே கணக்குப் பெயரைப் போட்டுக்கொண்டது என்று விளக்கினாள். பெரியவர் தலையாட்டினார். விளங்காதவர் ஆட்டுகிற ஆட்டு. அந்த அறையில் அவள் சொல்வது விளங்குகிற ஆள் இன்னொருவன்தான் இருந்தான். அவன் தன் விரல் நகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

வேறு வழியில்லாமல், எந்தப் புத்தகத்தை வேண்டுமானாலும் கேளுங்கள் என்றாள். பெரியவர் அலமாரியிலிருந்து ஒன்றை உருவினார். எடைக்கு வாங்கியது, தென்காசியில், கடைசி எட்டுப் பக்கம் இருக்காது என்றாள். திருப்பினார், இல்லை. பறவைகளைப் பற்றிய இன்னொன்றை எடுத்தார். கல்லூரிக் கட்டுரைப் போட்டியில் கொடுத்தது, முதல் பக்கத்து முத்திரையைக் கிழித்துவிட்டேன், பரிசுப் புத்தகம் என்று தெரிந்தால் வகுப்பில் கேலி பண்ணினார்கள் என்றாள். முதல் பக்கம் கிழிந்திருந்தது. பெரியவர் முகம் கொஞ்சம் மாறியது.

கோமதி விடவில்லை. "ரெண்டு வருசத்துக்கு மேல இங்கன உக்காந்து வாசிச்சவதான. எங்க அடுப்பங்கரையில எந்த டப்பாவுல என்ன கெடக்குன்னு கேளுங்க, அதும் சொல்லுவா. அதுக்காவ டப்பா அவளுதாயிருமா?"

பெரியவர் கையிலிருந்த புத்தகத்தை மூடினார். அது நல்ல கேள்வி.

அப்போதுதான் உலகம்மை நகர்ந்தாள். யாரிடமும் கேட்காமல் அலமாரிக்குப் போய் ஒரு புத்தகத்தை எடுத்து, நடுவில் விரித்து, முகத்தருகே கொண்டுபோய் மோந்தாள். பிறகு தலைகீழாகப் பிடித்து உதறினாள். இன்னொன்றை எடுத்து உதறினாள். மூன்றாவதையும் உதறினாள்.

"பூச்சி அரிக்கக் கூடாதுன்னு ஒண்ணொண்ணுலயும் பீடித்தூளு ஒரு சிட்டிகை போட்டு வச்சிருந்தேன்யா. நான்தான் போட்டேன். கொஞ்சமாச்சும் கெடக்கணும்."

ஒன்றும் விழவில்லை. பக்கங்கள் சுத்தமாக இருந்தன. முத்துசெல்வி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். மொட்டை மாடியில் பக்கம் பக்கமாகத் தட்டியபோது, அது ஏதோ வீட்டில் பறக்கிற தூள் என்றுதான் நினைத்தாள். அம்மா பார்த்துப் பார்த்துப் போட்டது என்று இந்த நிமிடம்வரை அவளுக்குத் தெரியாது. அன்றைக்கு அம்மா அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். "நான் போட்டதுட்டி" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவளும் சொல்லவில்லை. இந்த அறையில் சொல்ல வேண்டியதைச் சொல்லாதவர்கள்தான் எத்தனை பேர்.

"வாம்மா, உக்காரு" என்று பால்வண்ணநாதன் இரக்கத்தோடு சொன்னார். அந்த இரக்கத்தில் முத்துசெல்விக்கு உடம்பெல்லாம் கூசியது. பிறகு அவர் தீர்ப்பைச் சொன்னார். லிஸ்டில் இல்லை. கணினியில் இருப்பதும் சிவசைலத்தின் பக்கம்தான் இருக்கிறது. ஆனாலும் பிள்ளை ஆசைப்படுகிறது, வெறுங்கையோடு அனுப்பக் கூடாது. அவளுக்குப் பிடித்ததாக ஒரு நூறு புத்தகம் எடுத்துக்கொள்ளட்டும்.

"நல்ல முடிவுதான் அண்ணாச்சி" என்றார் செல்லப்பா உடனே. அவர் பஞ்சர் கடையைப் பூட்டிப்போட்டு வந்தவர், மணியைப் பார்த்துக்கொண்டிருந்தார். மருமகள் பக்கம் சாய்ந்து, "சவத்த விடுட்டி, நூறு போதும், நீ திருவேங்கடத்துல வச்சு வாசிக்கத்தான போற" என்று காதில் சொன்னார்.

முத்துசெல்வி டீப்பாய்க்கு முன்னால் தரையில் உட்கார்ந்தாள். மடிக்கணினியைத் தன் பக்கம் திருப்பினாள். சிவசைலம் கை நீட்டினான். பெரியவர், "பாக்கட்டும்லே, தொட்டாத் தேஞ்சா போயிரும்" என்று அவனை அடக்கினார்.

அவள் எதையும் திட்டமிடவில்லை. கைக்குத்தான் வழி தெரிந்திருந்தது. "எல்லாவற்றையும் தேர்ந்தெடு" என்பதை அமுக்கினாள். இரண்டாயிரத்து ஐந்நூற்று அறுபத்தொரு வரிகளும் நீலமாகின. "மொத்தமாகத் திருத்து." எந்தப் பத்தி? உரிமையாளர். புதிய மதிப்பு? தட்டினாள். உறுதியா என்று கேட்டது. உறுதி என்றாள். ஒரு சின்னச் சக்கரம் சுற்றியது, நின்றது. திரையைப் பெரியவர் பக்கம் திருப்பினாள்.

"இப்ப வாசிங்க பெரியப்பா."

அவர் கண்ணாடியை இறக்கிக்கொண்டு குனிந்தார். "உரிமையாளர், உலகம்மை" என்று வாசித்தார். அடுத்த வரி. "உலகம்மை." தள்ளினார். "உலகம்மை." தலைமையாசிரியர் குரல், வருகைப் பதிவேடு வாசித்துப் பழகிய குரல். அலமாரிப் பக்கம் நின்ற உலகம்மைக்குத் தூக்கிப்போட்டது.

"நான் ஒண்ணும் எடுக்கலய்யா" என்றாள்.

"நீ எடுக்கலம்மா" என்றாள் முத்துசெல்வி. "எல்லாம் ஒன்னோடதுதான். அந்தக் கண்ணாடி அலமாரியில இருக்குத தாத்தா புஸ்தகம் முச்சூடும் ஒன்னோடது. சிஸ்டம் சொல்லுது."

சிவசைலம் எழுந்துவிட்டான். காலையிலிருந்து முதல் தடவையாக அவன் குரல் உயர்ந்தது. "என்ன வேல பாத்து வச்சிருக்க? ஒம்பது வருச டேட்டா அது."

"யாரோட டேட்டா?"

"எங்க தாத்தா புஸ்தகத்துக்குப் போய் உங்க அம்மா பேரப் போடுவியா?"

"உங்க தாத்தாதுன்னு எங்க எழுதியிருக்கு? காட்டு, பாப்போம்."

அவன் மடிக்கணினியை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டான். பழையபடி மாற்ற வழி தேடினான். மொத்தமாகத் திருத்தியதைத் திரும்பப் பெற அந்த மென்பொருளில் வழியில்லை. அது அவனுக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். அவன் காதுமடல் சிவந்திருந்தது. பெரியப்பாவின் பக்கத்தில் போய் உட்கார்ந்தான்.

"பேர விடுங்க. சேத்த நாளப் பாருங்க, அத யாரும் மாத்த முடியாது. இந்தா, ரெண்டாயிரத்திப் பதிமூணு, ஜூன் நாலு, ஒரு புஸ்தகம். ஜூன் அஞ்சு, மூணு. லீவுல ஒரு நாளைக்கு இருபது. எல்லாம் நான் ஒண்ணொண்ணாக் கையால அடிச்சது. இதுக்கு மேல என்ன சாட்சி வேணும்?"

திரையை வலது பக்கம் ஓட்டி அந்தப் பத்தியை நடுவில் நிறுத்தினான். தேதி வாரியாக அடுக்கினான். விரலால் கீழே தள்ளிக்கொண்டே போனான். பதிமூன்று, பதினான்கு, பதினேழு, இருபது. அவன் சொன்னது நிஜம். ஒவ்வொரு வரியிலும் வேறு வேறு நேரம், வேறு வேறு நாள். பெரியவர் உதட்டை அசைத்து அவனோடு சேர்ந்தே வாசித்துக்கொண்டு வந்தார்.

இருபத்திரண்டு, செப்டம்பர் பதினொன்று, மாலை ஐந்து நாற்பத்திரண்டு. அடுத்த வரியும் அதே. அடுத்ததும் அதே. விரல் தள்ளத் தள்ள ஐந்து நாற்பத்திரண்டு முடியவே இல்லை. சிவசைலத்தின் விரல் வேகம் குறைந்தது. பிறகு நின்றது.

"இது என்னலே?" என்றார் பால்வண்ணநாதன். "தள்ளு. ஏன் நிப்பாட்டிட்ட?" அவரே விரலை வைத்துத் தள்ளினார். நெடுநேரம் தள்ளினார். "ஒரே நிமிசத்துல இம்புட்டையும் நீ கையால அடிச்சியா?"

வெளியே சாரல் வலுத்துத் தார்ப்பாயில் தடதடவென்று அடித்தது.

"கேக்கேன்லா?"

"இம்போர்ட் பண்ணுனது."

"அப்படின்னா?"

"வேற எடத்துல இருந்து மொத்தமாக் கொண்டாந்து ஏத்துனது."

"எந்த எடத்துல இருந்து?"

கோமதி மகனைப் பார்த்தாள். செல்லப்பா மணியைப் பார்ப்பதை நிறுத்தினார். சிவசைலம் குனிந்தபடி, யாருக்கும் கேட்கக் கூடாது என்பது போலச் சொன்னான்: "அவ போன்ல இருந்து."

எத்தனை வரி என்று பெரியவர் எண்ணச் சொன்னார். எண்ணத் தேவையில்லை, அடியிலேயே காட்டும் என்றான். அறுநூற்று அறுபத்தொன்பது.

பால்வண்ணநாதன் மூடிய பேனாவைத் திறந்து, சீர் லிஸ்டின் அடியில், தாம்பாளத்துக்குக் கீழே, "புத்தகம் 669" என்று எழுதி டிக் அடித்தார். தம்பி மனைவியின் முகத்தை அவர் பார்க்கவில்லை. தம்பி மகனின் முகத்தையும் பார்க்கவில்லை. டீ குடிக்காமலேயே குடையை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

புத்தகங்களை எடுத்துக் கட்டுவதற்கு மூன்று மணி நேரமானது. சிவசைலம் அந்த ஒரு நிமிடத்துப் பதிவுகளை அச்செடுத்து வந்து வரிசை எண்ணைச் சொல்ல, முத்துசெல்வி எடுத்துக் கொடுத்தாள், செல்லப்பா மாமா சணல் போட்டுக் கட்டினார். காலையில் நூறு போதும் என்றவர் இப்போது ஒவ்வொரு கட்டையும் பச்சைப் பிள்ளையை ஏந்துகிற மாதிரி வண்டிக்குக் கொண்டுபோனார். கோமதி அடுப்பங்கரைக்குள் போனவள் வெளியே வரவில்லை.

கடைசிக் கட்டின்போது உலகம்மையும் மாமாவும் வண்டிக்குப் போயிருந்தார்கள். சிவசைலம் கண்ணாடி அலமாரியைக் காட்டி, அந்த நாற்பத்து மூன்றையும் எடுத்துக்கொள், நீ உன்னுடையதைக் கொடுத்துவிட்டாய்தானே என்றான்.

"வேண்டாம். அது உங்க தாத்தாது" என்றாள். சணலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "ஒண்ணு மட்டும் சொல்லு. காலையில லேப்டாப்பத் தொறக்கும்போதே ஒனக்குத் தெரியும்லா?"

அவன் தாளை மடித்தான். இன்னொரு மடிப்பு மடித்தான்.

"பெரியவங்க பேசிக்கிட்டிருந்தாங்க. நடுவுல போயி நான் என்ன சொல்ல?"

"எங்க அம்மா புஸ்தகத்தத் தலகீழாப் புடிச்சு உதறிக்கிட்டு நின்னா. அப்பவுமா?"

"நான் பொய் சொல்லலயே முத்து."

ஆமாம், சொல்லவில்லை. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. கட்டைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு இறங்கினாள். திரும்பிப் பார்க்கவில்லை. தாத்தாவின் தொகுதிகளெல்லாம் இன்னும் உலகம்மை பெயரில்தான் இருந்தன. மாற்ற வேண்டியவன் மாற்றிக்கொள்வான்.

வண்டி கிளம்பியபோது மழையும் சேர்ந்தே கிளம்பியது. முன்னால் டிரைவரும் மாமாவும். பின்னால் பீரோவுக்கும் கட்டிலுக்கும் இடையில், தார்ப்பாய்க்கு அடியில், குனிந்தபடி அம்மாவும் மகளும். இலஞ்சி தாண்டுவதற்குள் தார்ப்பாயின் ஓரம் காற்றில் விலகி, புத்தகக் கட்டுகளின்மேல் தண்ணீர் சொட்ட ஆரம்பித்தது. முத்துசெல்வி கையால் பிடித்துப் பார்த்தாள், நிற்கவில்லை. டிரைவர் கேபினைத் தட்டினாள். அவன், ஒதுங்க இடமில்லை, தென்காசி போய்விடலாம் என்று கத்தினான்.

அவள் எழுந்து, கட்டிலோடு சுருட்டிக் கட்டியிருந்த கல்யாண மெத்தையின் கயிற்றை அவிழ்த்தாள். இலவம்பஞ்சு, இரண்டு பேர் தூக்குகிற கனம். ஒற்றை ஆளாக இழுத்துப் புத்தகங்களின்மேல் கவிழ்த்து விரித்தாள்.

"ஏட்டி, நனைஞ்சுச்சுன்னா பஞ்சு கட்டி தட்டிரும்" என்று உலகம்மை பதறி அதன் ஒரு முனையைப் பிடித்தாள். "பொறவு எதுக்கும் ஒதவாது."

"ஒதவாண்டாம்."

அம்மா இன்னும் முனையை விடவில்லை. மகள் முகத்தைப் பார்த்தாள். எல்லாத்தையும் வாங்கியாச்சுல்லா, பொறவும் ஏன் இப்படி இருக்க என்று கேட்டாள். முத்துசெல்வி மெத்தையின் மறுமுனையைக் கட்டுகளின் விளிம்போடு இழுத்துச் செருகினாள். தண்ணீர் மெத்தைக்குள் இறங்கிக்கொண்டே இருந்தது. கொஞ்ச நேரம் கழித்து உலகம்மையும் குனிந்து, தன் பக்கத்து முனையைப் புத்தகங்களுக்கு அடியில் செருகினாள்.